நான் போகாத போசரிக் கடை

எனக்குச் சண்டை பிடிக்கும். இதை மறைத்து என்ன ஆகப்போகிறது? காய்கறிக்காரர் தராசில் விரலை வைத்தால் எனக்குத் தெரிந்துவிடும். ரிக்‌ஷாக்காரர் மீட்டரைத் தட்டாமல் கிளம்பினால், வண்டி நகர்வதற்குள் இறங்கி நின்று வழக்காடுவேன். புனேயில் இந்த ஔந்த் பகுதிக்கு வந்து பதினோரு வருடமாகியும் என் மராத்தி தத்தக்கா புத்தக்காதான். ஆனால் கோபம் வந்தால் மட்டும் அது அருவியாகக் கொட்டும். அதனால், ஜனவரி முதல் வாரத்தில் ஒரு நாள் கிரெடிட் கார்டு ஸ்டேட்மென்ட்டில் அந்த வரியைப் பார்த்தபோது எனக்குப் பயமே வரவில்லை. ஒரே குஷிதான். ஆஹா, மாட்டினான்டா ஒருத்தன்!

நான் பள்ளிக்கூடத்தில் கணக்கு டீச்சர். அந்தக் கார்டு என் சம்பளக் கணக்கின் பேரில், என் பெயர் பொறித்து வந்த முதல் கார்டு. அதில் என்ன வாங்கினாலும் எனக்கு மனப்பாடமாக இருக்கும் என்பது என் பெருமை. அந்த மாதம் பதினான்கு வரிகள். பதின்மூன்றுக்கு டிக் போட்டுக்கொண்டே வந்தேன். பெட்ரோல், செருப்பு, மகளின் பரீட்சைக் கட்டணம், மருந்து. ஒன்று மட்டும் நின்றது. நான்கு ஆங்கில எழுத்துகள், பக்கத்தில் என்டர்பிரைசஸ், அதற்குப் பக்கத்தில் போசரி. டிசம்பர் பதினெட்டாம் தேதி, ரூபாய் 2,846.

போசரியில் எனக்கென்ன வேலை? அது லேத்துப் பட்டறைகளும் பிரஸ் மிஷின்களும் வரிசைகட்டி நிற்கிற தொழிற்பேட்டை. நான் அந்தப் பக்கம் எட்டிப் பார்த்ததுகூடக் கிடையாது. எங்கள் வீட்டில் போசரிக்குப் போகிற ஒரே ஆள் என் கணவர். அங்கே ஒரு தொழிற்சாலையில் மெயின்டெனன்ஸ் பார்க்கிறார். விசாரணையை அங்கிருந்தே ஆரம்பித்தேன்.

"ஏனுங்க, போசரியில யாருக்குங்க ரெண்டாயிரத்து எண்ணூத்து நாப்பத்தாறு ரூவாய்க்கு என்ற கார்டத் தேச்சீங்க?"

அவர் தோசையிலிருந்து தலையைத் தூக்கினார். "உன்ற கார்டத் தொடறதுக்கு எனக்கு ஏது அவ்வளவு தைரியம்? ஒரு தடவ தொட்டுட்டு ஒரு வாரம் வாங்கிக் கட்டுனது பத்தாதா?"

அது உண்மைதான். அவரை விடுதலை செய்தேன். அதோடு விடாமல், மத்தியானச் சாப்பாட்டு நேரத்தில் அந்தப் பெயரில் கடை இருக்கிறதா என்று விசாரித்து வரச் சொன்னேன். பாவம், மனுஷர் வெயிலில் நாலு தெரு அலைந்துவிட்டுப் போன் செய்தார். "அப்படி ஒரு கடையே கெடையாதாமா. டீக்கடைக்காரனுக்கே தெரியல. அவனுக்குத் தெரியாம இங்க ஒண்ணும் இருக்காது."

இல்லாத கடை! எனக்கு உடம்பெல்லாம் சிலிர்த்தது. உடனே வங்கியின் நம்பருக்குப் போட்டேன். எதிர்முனையில் ஒரு பெண், பொறுமையான இந்தியில் கேட்டாள். கார்டு உங்களிடம்தான் இருக்கிறதா? யாருக்காவது ரகசிய எண்ணைச் சொன்னீர்களா? இந்தக் கடையோடு உங்களுக்கு எப்போதாவது கொடுக்கல் வாங்கல் இருந்ததா?

"ஜென்மத்தில் இல்லை," என்றேன். அதையும் இந்தியில் அழுத்தமாகச் சொன்னேன்.

அவள் என் பழைய கார்டை முடக்கினாள். புதுக் கார்டு மூன்று நாளில் வரும் என்றாள். ஒரு படிவம் அனுப்பினாள். அதிலும் அதே கேள்வி இருந்தது. "இல்லை" என்ற கட்டத்தில் டிக் போட்டுக் கையெழுத்திட்டு அனுப்பினேன். அத்தோடு விட்டிருந்தால் நான் நானாக இருந்திருக்க மாட்டேனே.

எங்கள் பக்கத்துத் தமிழ்ப் பெண்களுக்கு ஒரு வாட்ஸ்அப் குழு உண்டு. ஆற்றுப் பாலத்துக்கு அந்தப்புறம் சாங்வியில் இருக்கிற தமிழ்க் கடைக்கு வாழைப்பூ வந்தது, இட்லி அரிசி வந்தது என்று சேதி சொல்வதற்காக ஆரம்பித்தது. கடைக்காரரை எல்லாரும் அண்ணா என்றுதான் கூப்பிடுவோம். அதனால் குழுவுக்கும் 'அண்ணா கடை' என்றுதான் பெயர். பெண்கள் மட்டும் இருக்கிற குழு. அண்ணா அதில் இல்லை. அந்தக் குழுவில் என் ஸ்டேட்மென்ட்டைப் படம் எடுத்துப் போட்டு, சிவப்பு வட்டம் போட்டு, "எல்லாரும் உடனே பாருங்க, இந்தப் பேர்ல ஒரு திருட்டுக் கும்பல் கிளம்பியிருக்கு" என்று எழுதினேன்.

பத்து நிமிடம் ஆகவில்லை. முதல் குரல் பதிவு, எங்கள் மேல்மாடி மதுரைக்காரம்மாவிடமிருந்து. "ஆத்தாடி ஆத்தா! டீச்சரம்மா, எனக்கும்ல போட்டிருக்காய்ங்க! அதுவும் ரெண்டு தடவ!"

அப்புறம் இன்னொருத்தி. அப்புறம் இன்னொருத்தி. சாயங்காலத்துக்குள் என்னையும் சேர்த்து ஒன்பது வீடு. ஒன்பது வீட்டிலும் அதே நான்கு எழுத்து, அதே போசரி. ஐயோ, எனக்கு இருப்புக் கொள்ளவில்லை! இது சில்லறைத் திருட்டு இல்லை, தமிழ்க் குடும்பங்களாகப் பார்த்துக் குறிவைத்திருக்கிறார்கள் என்று முடிவே கட்டிவிட்டேன். யாருக்கு எந்த நம்பர், எந்தப் பொத்தானை அமுக்க வேண்டும், என்ன சொல்ல வேண்டும் என்று வரிசையாக எழுதிப் போட்டேன். இந்தி வராதவர்களுக்கு நானே பக்கத்தில் உட்கார்ந்து பேசிக் கொடுத்தேன். எட்டுப் படிவத்திலும் "இல்லை"யில் டிக் போடவைத்தது நான்தான். மறுநாள் நான் போன் செய்தபோது வங்கிப் பெண், "இதே பெயரில் வேறு புகார்களும் வந்திருக்கின்றன மேடம், தீவிரமாகப் பார்க்கிறோம்" என்றாள். நான் சமையலறையில் ஒரு குதி குதித்தேன்.

வெள்ளிக்கிழமை, சர்ச்சைக்குரிய தொகை தற்காலிகமாகத் திருப்பிக் கொடுக்கப்பட்டது என்று குறுஞ்செய்தி வந்தது. கேசரி கிண்டினேன். "பேப்பர்காரங்க எப்ப வர்றாங்களாமா? சட்டை மாத்தோணுமா?" என்று கேட்டுக்கொண்டே என் கணவர் இரண்டாம் தடவை வாங்கிச் சாப்பிட்டார்.

அடுத்த திங்கள், பள்ளி விட்டதும் ஸ்கூட்டரை நேராகச் சாங்விக்கு விட்டேன். பொங்கலுக்கு இன்னும் ஒரு வாரம். பச்சரிசி, வெல்லம், பாசிப்பருப்பு வாங்க வேண்டும்.

அண்ணா கடை பத்துக்குப் பன்னிரண்டு அடி இருக்கும். மேலே இருக்கிற போர்டு ஒரு குளிர்பான விளம்பரம். வெயிலில் வெளுத்து, எழுத்தே தெரியாது. கடைக்காரருக்குத் திருநெல்வேலிப் பக்கம். வயதில் என்னைவிட நாலைந்து வருடம் இளையவர். ஆனாலும் எனக்கு அவர் அண்ணா, அவருக்கு நான் அக்கா. எங்களுக்கு மட்டுமா? புனேயில் கடை வைத்திருக்கிற தென்னாட்டுக்காரர் யாராக இருந்தாலும் மராத்திக்காரர்களுக்கும் அண்ணாதான். பால்காரரும் போலீஸ்காரரும் அவரை அப்படித்தான் கூப்பிடுவார்கள். அந்த ஒரு வார்த்தையிலேயே அவருடைய வியாபாரம் ஓடியது.

நவம்பரில்தான் அவர் முதன்முதலாகக் கார்டு மிஷின் வாங்கியிருந்தார். கார்டில் போட்டால் பாயின்ட் சேருமே என்று எங்களுக்கெல்லாம் ஏகக் கொண்டாட்டம். அன்றைக்கு அந்த மிஷின் கல்லாவின் ஓரத்தில் குப்புறக் கிடந்தது. மேலே ஒரு பழைய செய்தித்தாள்.

"கார்டு இல்லக்கா," என்றார். "பணம் இருந்தாத் தாங்க. இல்லன்னா பெறவு பாத்துக்கிடலாம்."

"ஏனுங்ணா, புது மிசினுக்கு என்னாச்சுங்க?"

"என்னத்தச் சொல்ல. நான் ஏமாத்திட்டேன்னு யாரோ பேங்குல புகார் குடுத்துருக்காவளாம். ஒருத்தர் ரெண்டு பேரு இல்ல, ஒம்போது பேரு. மிசின நிப்பாட்டிட்டான். அதுல வந்த பணம் பூராத்தையும் பிடிச்சு வச்சிருக்கான்." வெல்லத்தை உடைத்துக்கொண்டே சொன்னார். "வெள்ளிக்கெழமைக்குள்ள லாரிக்காரனுக்குப் பணம் போடணும்க்கா. போடலன்னா கரும்பு, மஞ்சக்கொல, பனங்கெழங்கு அம்புட்டும் வேற ஊருக்குப் போயிரும். இந்தப் பொங்கல் லோடு வந்தாத்தான் எனக்குக் கடை வாடகையே. இல்லன்னா கடைய விட்டுட்டு ஊருக்குப் போவ வேண்டியதுதான்."

எனக்கு வந்ததே கோபம்! "எந்தப் பாவிங்ணா அது? சோறுதான் திங்கறாங்களா? உழைக்கிற மனுசன் வயித்துல அடிக்கறதுக்கு எப்படிங்ணா மனசு வருது? விடாதீங்க! போன வாரம் நானே ஒரு திருட்டுக் கும்பலப் புடிச்சுக் குடுத்திருக்கறேன். எங்க பேசோணும், எப்படிப் பேசோணும்னு நான் சொல்லித் தர்றேன்."

"நீங்க இருக்கியள்லா, அது போதும்க்கா," என்று சிரித்தார். "பில்லு இருந்தாக் காட்டுங்கான் பேங்குக்காரன். நான் எங்க பில்லு போடுதேன்? எனக்கு எல்லாம் இந்தத் தாளுதான்."

அவர் சொன்னது தினசரிக் காலண்டர் தாளை. காலையில் கடை திறந்ததும் முந்தின நாள் தாளைக் கிழிப்பார். அதைக் கல்லாவில் வைத்துக்கொண்டு, அன்றைக்குப் பெரிய கணக்காக வருகிறவருக்கு அதன் பின்பக்கத்தில் சாமான் பட்டியல் எழுதிக் கொடுப்பார். அன்று எனக்கும் அப்படித்தான் எழுதினார். மேலே, நான் குடியிருக்கிற கட்டடத்தை வைத்து 'பி விங் அக்கா' என்று போட்டு, கீழே பச்சரிசி, வெல்லம். பணத்தைக் கொடுத்துவிட்டு, மறுபடியும் அந்த ஒன்பது பாவிகளைத் திட்டிவிட்டுக் கிளம்பினேன்.

பாலத்தின் பாதியில் என் கை தானாக பிரேக்கைப் பிடித்தது. ஒன்பது.

பின்னால் வந்த டெம்போக்காரர் ஹாரன் அடித்துத் திட்டிவிட்டுப் போனார். ஒன்பது வீடு. ஒன்பது பேர். சேச்சே, அது போசரி, இது சாங்வி என்று சொல்லிக்கொண்டேன். வீடு வந்து சேரும்வரை அதையே சொல்லிக்கொண்டு வந்தேன்.

எனக்கு ஒரு பழக்கம். அண்ணா கொடுக்கிற தாளில் என் ராசிக்கு நல்ல பலன் போட்டிருந்தால், அதை ஃபிரிட்ஜ் கதவில் காந்தத்தால் ஒட்டிவைப்பேன். கெட்ட பலன் என்றால் குப்பைத் தொட்டி. வீட்டுக்குள் நுழைந்து, செருப்பைக்கூடக் கழற்றாமல் ஃபிரிட்ஜின் முன்னால் போய் நின்றேன். டிசம்பர் பதினேழு. கும்பம், லாபம். பதினேழாம் தேதித் தாள் என்றால் எழுதியது பதினெட்டாம் தேதி. தாளைத் திருப்பினேன். இட்லி அரிசி, நல்லெண்ணெய், அப்பளம், காபித்தூள். அடியில் கோடு போட்டு, அண்ணாவின் சாய்ந்த கையெழுத்தில் 2,846.

அன்று கார்டைக் கொடுத்ததும், மிஷின் துப்பிய சீட்டைப் படிக்காமலே எறிந்ததும் அப்போதுதான் நினைவுக்கு வந்தது. எந்தப் பாவி, எந்தப் பாவி என்று அந்த மனுஷர் எதிரிலேயே நின்று கத்தினேனே! அந்தப் பாவி நான்தான். மற்ற எட்டுப் பேருக்கும் கையைப் பிடித்து டிக் போடச் சொல்லிக் கொடுத்தவளும் நான்தான். வெட்கத்தில் காது இரண்டும் எரிந்தது. அழுகையும் வந்தது.

என் கணவர் வேலையிலிருந்து வந்து தாளைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். கிண்டல் செய்வார் என்று நினைத்தேன். செய்யவில்லை. "போய்ச் சொல்லீட்டு வா," என்றார்.

"எந்த மூஞ்சியோடங்க சொல்றது?"

"புகார் குடுத்தப்ப இருந்த மூஞ்சியோடதான்."

முதலில் வங்கிக்குப் போன் செய்தேன். புகாரை வாபஸ் வாங்க வேண்டும் என்றேன். வாங்கலாம், ஆனால் ஒன்பது பேரும் தனித்தனியாக எழுதித் தர வேண்டும் என்றாள் அந்தப் பெண். கடை தெரிந்த கடைதான், சாமான் வாங்கியது உண்மைதான் என்று கடைக்காரரைக் குறிப்பிட்டு எழுத வேண்டும். தேதி போட்ட பட்டியல் இருந்தால் இன்னும் நல்லது. நான் எல்லாவற்றுக்கும் சரி சரி என்றேன்.

"கடைக்காரர் பெயர் என்ன மேடம்?"

"அண்ணா."

"முழுப் பெயர்?"

அதுதான் எனக்குத் தெரியாது. பதினோரு வருடம். என் பெண்ணுக்கு அம்மை போட்டபோது வேப்பிலை தேடிக் கொண்டுவந்து கதவில் மாட்டிவிட்டுப் போனவர். என் மாமியாருக்கு எந்தக் காபித்தூளில் எத்தனை சிக்கரி வேண்டும் என்று தெரிந்தவர். வங்கிப் பெண் இரண்டு தடவை ஹலோ, ஹலோ என்றாள். விசாரித்துச் சொல்கிறேன் என்று வைத்துவிட்டேன்.

மறுபடியும் ஸ்கூட்டர், மறுபடியும் பாலம். கடையில் அப்போது வேறு யாரும் இல்லை. அவர் துவரம்பருப்பை அள்ளிப் பொட்டலம் போட்டுக்கொண்டிருந்தார். போகும் வழியெல்லாம் பேசிப் பார்த்து வைத்ததெல்லாம் மறந்துபோயிற்று. "அண்ணா, அந்த ஒம்போது பேர்ல மொதல் ஆளு நானுங்க. மத்த எட்டுப் பேரையும் கெளப்பிவிட்டதும் நானுங்க," என்று ஒரே மூச்சில் சொல்லி, ஸ்டேட்மென்ட்டையும் காலண்டர் தாளையும் கல்லா மேல் வைத்தேன்.

அள்ளின கை அப்படியே நின்றது. "நீங்களாக்கா?"

தலையை ஆட்டினேன். அவர் பருப்பைத் திரும்ப மூட்டையில் கொட்டினார். திட்டியிருந்தால் நான் பிழைத்திருப்பேன்.

"இங்க வந்து ஒரு வார்த்த கேட்டிருக்கலாமேக்கா."

"உங்க கடைன்னே தெரியலைங்ணா. போசரின்னு இருந்துச்சு. இந்த நாலு எழுத்து இருந்துச்சு."

அவர் ஸ்டேட்மென்ட்டை எடுத்து, அந்த எழுத்துகளின் மேல் விரலை வைத்தார். "வந்த புதுசுல போசரியில ஒரு கம்பெனி கேண்டீன்ல கெடந்தேன். கடை லைசென்சு அப்ப தங்கியிருந்த ரூம் விலாசத்துலதான் எடுத்தது, மாத்தவே இல்ல. இந்த மொத எழுத்து எம் பொண்டாட்டி பேருக்கு. இது ரெண்டும் எம் புள்ளைய. கடைசி எழுத்து நான்."

"உங்க பேரு என்னங்ணா?"

சொன்னார். நல்ல பெயர். ஸ்டேட்மென்ட்டின் ஓரத்தில் எழுதிக்கொண்டேன்.

அப்புறம் மூன்று நாள் நான் ஓடிய ஓட்டம் இருக்கிறதே! கும்பலைப் பிடிக்க ஓடியதைவிட இரண்டு மடங்கு. குழுவில் முதலில் என் குட்டை நானே உடைத்தேன். அப்புறம் வீடு வீடாக ஏறினேன். ஒருத்தி வெட்கப்பட்டாள், ஒருத்தி என்னைத் திட்டினாள், நன்றாக வாங்கிக்கொண்டேன். கடிதத்தை நானே எழுதி, கையெழுத்து மட்டும் வாங்கினேன். அண்ணாவின் தாள்களைத் தேடச் சொன்னேன். ஒரு வீட்டில் மசாலா டப்பாவுக்கு அடியில் ஒன்று, இன்னொரு வீட்டில் பூஜை அலமாரியில் ஒன்று. மொத்தம் ஐந்து தாள் தேறியது. ஐந்திலும் தேதியோடு தொகை ஒத்துப்போனது. ஒவ்வொன்று ஒத்துப்போகும்போதும் நான் கையைத் தட்டினேன்.

மதுரைக்காரம்மாதான் கடைசிவரை இழுத்தடித்தார். "பணந்தான் திரும்ப வந்துருச்சுல்ல டீச்சரம்மா. பேங்கு பணந்தான? அப்படியே விட்டா யாருக்கு என்ன கொறஞ்சு போச்சு?"

"உங்க வீட்டு அப்பளம் யாரு பணம்ங்க? பேங்குக்காரனா வந்து பொரிச்சுக் குடுத்தான்?" என்று வாசலிலேயே நின்று கத்தினேன். எதிர்வீட்டுக் கதவு திறந்தது. அம்மா உடனே கையெழுத்துப் போட்டார். உள்ளே போய் ஒரு தாளும் தேடி எடுத்துக்கொண்டு வந்தார். ஆறாவது தாள்.

வியாழக்கிழமை எல்லாம் வங்கிக்குப் போய்ச் சேர்ந்தது. வெள்ளிக்கிழமை எனக்கு வகுப்பில் மனம் நிற்கவில்லை. பெருக்கலைக் கூட்டலாகப் போட்டுவிட்டு, பிள்ளைகள் சிரித்த பிறகுதான் பார்த்தேன். பள்ளி விட்டதும் நேராகக் கடைக்குப் போனேன். அண்ணாவின் போன் கல்லா மேல் இருந்தது. லாரிக்காரர் ஆறு மணிவரைதான் பொறுப்பாராம். நாலு மணி. நாலரை. வாடிக்கைக்காரர்கள் வந்தார்கள், போனார்கள். நான் சும்மா நிற்க முடியாமல் கடுகுப் பொட்டலங்களை அடுக்கினேன், கலைத்தேன், மறுபடி அடுக்கினேன்.

ஐந்து ஐம்பதுக்குப் போன் மினுங்கியது. அவர் கண்ணை இடுக்கிப் படித்தார். படித்துவிட்டு என்னிடம் நீட்டினார். "எனக்கு இங்கிலீசு சரியா வெளங்கலக்கா. நீங்களே படிங்க."

புகார்கள் வாபஸ் பெறப்பட்டன, பிடித்துவைத்த தொகை விடுவிக்கப்பட்டது, மிஷின் மீண்டும் இயங்கும் என்று இருந்தது. நான் போட்ட கூச்சலில் பக்கத்துத் தையற்கடைக்காரர் வெளியே ஓடிவந்து, "காய் ஜாலா அண்ணா?" என்றார். என்ன நடந்தது என்று சொல்ல எங்களுக்கு எங்கே நேரம்! அண்ணா லாரிக்காரருக்குப் பணத்தை அனுப்பினார். அது போய்ச் சேர்ந்தது என்று பதில் வரும்வரை இரண்டு பேரும் மூச்சுவிடவில்லை. வந்தது. அவர் தோளில் கிடந்த துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். துடைத்துக்கொண்டே இருந்தார். நான் வெளியே தெருவைப் பார்த்தேன்.

"முதல் போணி என்னுதுதாங்ணா," என்று என் புதுக் கார்டை எடுத்து நீட்டினேன். செய்தித்தாளை எடுத்துப் போட்டு மிஷினை நிமிர்த்தினார். நெய்யும் முந்திரியும் சொன்னேன். கார்டைச் செருகியதும் மிஷின் கீச்சிட்டு, சீட்டைத் துப்பியது. தலைப்பில் அந்த நான்கு எழுத்து, போசரி. இப்போது அதை எனக்குப் படிக்கத் தெரியும். பொண்டாட்டி, மூத்தவள், இளையவள், அவர்.

வழக்கம்போலக் காலண்டர் தாளையும் திருப்பி வைத்து எழுத ஆரம்பித்தார். 'பி' என்று போட்டவர் அப்படியே நிறுத்திவிட்டார். அந்த எழுத்தை அடித்தார். பேனாவைப் பிடித்துக்கொண்டு என்னைப் பார்த்தார்.

"அக்கா, தப்பா நெனச்சுக்கிடாதிய. உங்க பேரு என்னது?"

சொன்னேன். ஒவ்வொரு எழுத்தாகக் கூட்டி எழுதிக்கொண்டார்.